ஜோ அபேவிக்கிரம: சபரகமுவ மண்ணும் சிங்களத் திரையின் குடியானவனும்

நடிகனின் வாழ்வும் கலைப்பணியும் நமது ஆய்வுலகில் இன்னும் உரிய இடத்தைப் பெறவில்லை. கவிஞனையும் நாவலாசிரியனையும் அவனவன் காலத்துச் சமூக உறவுகளோடு பொருத்தி நோக்கும் முறை தமிழ் விமரிசனத்தில் வேரூன்றிப் பல பத்தாண்டுகள் ஆகிவிட்டன. நடிகனைப் பொறுத்தவரையில் இருவகை எழுத்துகளே மிகுதி. ஒன்று இரசிகனின் துதி. மற்றது படங்களின் பட்டியல். தன் உடலையும் குரலையும் முகத்தையுமே மூலப்பொருளாகக் கொண்டு உழைக்கும் ஒரு கலைஞன், தன் காலத்தின் வர்க்க உருவங்களை மக்கள் கண்முன் எவ்வாறு நிறுத்துகிறான் என்ற வினா இவ்விரண்டிலும் எழுவதில்லை.

அவ்வினாவை ஜோ அபேவிக்கிரம (1927–2011) என்னும் சிங்கள நடிகரை முன்வைத்து எழுப்புவதே இக்கட்டுரையின் நோக்கமாகும். தமிழாய்வு இதழொன்றில் சிங்கள நடிகரைப் பற்றி எழுதவேண்டிய தேவை யாது எனக் கேட்கப்படலாம். காரணங்கள் இரண்டு உள. முதலாவது, அரை நூற்றாண்டுக் காலம் சிங்கள நாட்டுப்புற மனிதனின் திரை உருவத்தை வடித்தவர்களுள் அவர் முதன்மையானவர். இந்நாட்டின் பெரும்பான்மை உழைக்கும் மக்கள் தம்மைத் தாமே எவ்வாறு கண்டனர் என்பதை அறியாது, இங்குள்ள வர்க்க உறவுகளையோ இனப்பிரச்சினையையோ நாம் முழுமையாக விளங்கிக்கொள்ள இயலாது. இரண்டாவது, அவர் பிறந்த சபரகமுவ மாகாணம் சிங்களக் கிராமமும் தமிழ்த் தோட்டமும் ஒன்றையொன்று ஒட்டிக் கிடக்கும் நிலமாகும். அம்மண்ணிலிருந்து வந்த கலைஞரின் திரையில் எவர் தோன்றினர், எவர் தோன்றவில்லை என்பது தமிழ் வாசகருக்கு வெறும் அயல்வீட்டுச் செய்தியன்று.

கிராமமும் தோட்டமும்

1889 இல் தனி மாகாணமாக வகுக்கப்பட்ட சபரகமுவ, இரத்தினபுரி, கேகாலை ஆகிய இரு மாவட்டங்களைக் கொண்டது. நுவரெலியாவைப் போன்று மலை முழுவதும் தேயிலை விரித்த நிலமன்று இது. பள்ளத்தில் வயல், ஆற்றோரத்தில் இரத்தினக்கல் அகழும் குழி, சரிவில் இறப்பர், அதற்கும் மேலே தேயிலை என்று ஒன்றன்மேல் ஒன்றாக அமைந்த நிலம். கேகாலைப் பக்கத்தில் எட்டியாந்தோட்டை, தெரணியகலை, தெஹியோவிட்ட. இரத்தினபுரிப் பக்கத்தில் காவத்தை, இறக்குவானை, பலாங்கொடை. இவ்விடங்களிலெல்லாம் தோட்டங்கள் கிராமங்களுக்கிடையே சிதறிக் கிடக்கின்றன. லயத்தின் பின்புறத்தில் கிராமத்து வேலி. கிராமத்துச் சந்தியில் தோட்டத்தவர் கடன் எழுதும் கடை.

இவ்வமைப்பு இயற்கை தந்ததன்று. 1840 ஆம் ஆண்டின் முடிக்குரிய நிலங்கள் பற்றிய கட்டளைச் சட்டமும் 1897 ஆம் ஆண்டின் தரிசுநிலச் சட்டமும், கிராமத்தவர் சேனைப் பயிர் செய்தும் மாடு மேய்த்தும் வந்த காடுகளை முடிக்குரியனவாக்கின. அங்கிருந்து அவை தோட்டத்துரைமார் கைக்குச் சென்றன. அந்நிலத்தில் உழைப்பதற்குத் தமிழகத்தின் பஞ்சத்தாலும் சாதிக் கொடுமையாலும் நிலமிழந்தோர் கங்காணிகள் வழியாகக் கொண்டுவரப்பட்டனர். ஆக, நிலத்தை இழந்த ஒரு மக்கட் கூட்டத்தின் அருகில் நிலமேயில்லாத மற்றொரு மக்கட் கூட்டம் குடியமர்த்தப்பட்டது. இருவரையும் சுரண்டிய மூலதனம் ஒன்றே. ஆயினும் இலண்டனில் இருந்த பங்குதாரன் கிராமத்தவன் கண்ணுக்குத் தெரியவில்லை. வேலிக்கு அப்பால் விடியற்காலையில் பிரட்டுக்கு நின்ற தொழிலாளியே தெரிந்தான். சபரகமுவவின் பிற்கால வரலாறு முழுவதையும் இம்மயக்கம் பாதித்துள்ளது எனலாம்.

மயக்கத்திலிருந்து விடுபடும் வாய்ப்பு ஒருமுறை தோன்றியது. 1934–35 ஆம் ஆண்டுகளில் கேகாலைப் பகுதியைப் பேரழிவுக்குள்ளாக்கிய மலேரியாவின்போது இளம் இடதுசாரிகள் கிராமந்தோறும் நிவாரணப் பணியில் ஈடுபட்டனர். 1935 டிசம்பரில் லங்கா சமசமாஜக் கட்சி தோன்றியது. மறு ஆண்டு என். எம். பெரேரா ருவன்வெல்லைத் தொகுதியிலிருந்து அரசாங்க சபைக்குத் தெரிவானார். கிராமத்து விவசாயியையும் தோட்டத் தொழிலாளியையும் ஒரே அணியில் நிறுத்தும் கனவு களனிப் பள்ளத்தாக்கில்தான் முதலில் உருப்பெற்றது. அதற்கெதிரான போக்கும் அங்கேயே வெளிப்பட்டது. 1946 இல் கேகாலை மாவட்டத்து உந்துகொடையில் நேவ்ஸ்மயர் தோட்டம் கிராம விரிவாக்கத்துக்கென அரசால் எடுக்கப்பட்டபோது, நிலமற்ற சிங்களவருக்கு நிலம் வழங்கும் பெயரால் தமிழ்த் தொழிலாளர் குடும்பங்கள் வெளியேற்றப்பட்டன. அதனை எதிர்த்துத் தோட்டங்களிற் பெரும் வேலைநிறுத்தம் மூண்டது. இரண்டு ஆண்டுகளின் பின் 1948 ஆம் ஆண்டுக் குடியுரிமைச் சட்டம் அத்தொழிலாளரை நாடற்றோராக்கியது.

இச்சூழலில், இரத்தினபுரிக்கு அண்மையிலுள்ள லெல்லோபிட்டிய என்னும் கிராமத்தில் 1927 ஜூன் 22 ஆம் திகதி ஜோ அபேவிக்கிரம பிறந்தார். மலேரியா பரவியபோது அவர் சிறுவன். நேவ்ஸ்மயர் போராட்டத்தின்போது பத்தொன்பது வயது இளைஞன். ஒரு கலைஞனின் உள்ளத்தில் எந்நிகழ்ச்சி எவ்வாறு பதிந்தது என்று ஊகிப்பது நம் வேலையன்று. அவர் எவ்வகை மனிதர்களிடையே வளர்ந்தார் என்பதை மட்டும் இங்கு மனங்கொள்ளல் போதும்.

மேடையிலிருந்து திரைக்கு

அபேவிக்கிரமவின் கலைவாழ்வு நாடக மேடையிலிருந்து தொடங்கியது. 1950களின் பிற்பகுதியில் அவர் திரைக்கு வந்தார். இப்பெயர்ச்சி அவருக்கு மட்டும் உரியதன்று. சிங்களத் திரையின் பிறப்பே மேடையிலிருந்துதான் நிகழ்ந்தது. பார்சி நாடகக் குழுக்களின் செல்வாக்கால் உருவான நூர்த்தி நாடகம், 1911 இல் கொழும்பு மருதானையில் எழுந்த டவர் மண்டபத்தில் நகர மக்களின் பெருங்கலையாயிற்று. அதே பார்சி மரபு தமிழகத்தில் கம்பனி நாடகங்களை வளர்த்ததை நாம் அறிவோம். 1947 ஜனவரியில் திரையிடப்பட்ட முதற் சிங்களப் பேசும் படமான ‘கடவுணு பொறொந்துவ’, பி. ஏ. டபிள்யூ. ஜயமான்னவின் மினர்வாக் குழு மேடையேற்றிய நாடகமே. அதனைத் தயாரித்தவர் எஸ். எம். நாயகம் என்னும் தமிழர். படம் பிடிக்கப்பட்டது மதுரையில். சிங்களத் திரையின் தொட்டில் தமிழகத்துப் படப்பிடிப்பு நிலையங்களிலேயே ஆடியது என்பதை இரு மொழிகளினதும் இனவாதிகள் மறந்துவிடுகின்றனர்.

தமிழகத்திலிருந்து தொழில்நுட்பம் மட்டும் வரவில்லை. பாத்திர அமைப்பு முறையும் வந்தது. செல்வக்குடும்பத்துக் கதாநாயகன், அழுது தவிக்கும் கதாநாயகி, தீயவன், இவர்களுக்கிடையே சிரிப்பு மூட்டும் வேலைக்காரன் என்னும் வாய்பாடு அன்றைய படங்கள் பலவற்றிலும் மாறாது நின்றது. உழைப்பவன் இவ்வாய்பாட்டில் நுழைவதற்கு ஒரே வாயில்தான் இருந்தது, அது நகைச்சுவை. நாட்டுப்புறத்தான் பேசும் பேச்சு, நடக்கும் நடை, உடுக்கும் சாரம் ஆகியன அனைத்தும் நகைப்புக்குரியனவாயின.

இந்நிலை மாறத் தொடங்கிய ஆண்டு 1956. கிராமத்து ஆசிரியர், வைத்தியர், பிக்கு, விவசாயி, தொழிலாளி ஆகிய ‘ஐம்பெருஞ் சக்தி’களை முன்னிறுத்தி எஸ். டபிள்யூ. ஆர். டி. பண்டாரநாயக்க ஆட்சிக்கு வந்த அவ்வாண்டிலேயே எதிரிவீர சரச்சந்திரவின் ‘மனமே’ மேடையேறியது. லெஸ்டர் ஜேம்ஸ் பீரிஸின் ‘ரேகாவ’ படப்பிடிப்பு நிலையத்தைவிட்டு வெளியேறி உண்மையான கிராமத்தைத் திரைக்குக் கொணர்ந்தது. ‘மனமே’ பயன்படுத்திய நாடகம மரபு, நமது கூத்து மரபோடு உறவுடையது. பேராதனையில் பேராசிரியர் சு. வித்தியானந்தன் 1962 இல் ‘கர்ணன் போர்’ முதலாகக் கூத்துகளைப் புத்துருவாக்கம் செய்தமை இதற்கு இணையான முயற்சியாகும். அதே 1956 இல்தான் தனிச்சிங்களச் சட்டமும் நிறைவேறியது. கிராமத்தைக் கலையின் நடுவே கொணர்ந்த எழுச்சியும், தமிழ் பேசுவோரை அரசின் ஓரத்துக்குத் தள்ளிய எழுச்சியும் ஒரே சமூகப் பிரிவினரால் முன்னெடுக்கப்பட்டன. அக்காலக் கலையின் முற்போக்கும் அதன் எல்லையும் இம்முரண்பாட்டில் அடங்கியுள்ளன.

கோமாளியிலிருந்து மனிதனாக

அபேவிக்கிரம திரையில் முதலிற் பெற்றவை நகைச்சுவை வேடங்களே. கதாநாயகனுக்குரியதாக அன்று கருதப்பட்ட முகவமைப்பு அவருக்கு இல்லை. சதுரமான முகம், தடித்த உதடு, உழைத்துத் திரண்ட உடல், மண்வாசனை மாறாத பேச்சு. வர்த்தகத் திரை இவற்றைச் சிரிப்புக்குப் பயன்படுத்தியது. அவரோ அந்த வேடத்தின் உள்ளிருந்தே அதனை மாற்றத் தொடங்கினார்.

திஸ்ஸ லியனசூரிய நெறிப்படுத்திய ‘சரவிட்ட’ (1965) இவ்வகையில் ஒரு திருப்பம். ‘சரவிட்ட’ என்பது வெற்றிலைச் சுருள். கொழும்பின் சேரிப்புறத்து வெற்றிலை வியாபாரியே இங்குக் கதையின் மையம். முன்னர்க் கதாநாயகனின் பின்னால் நின்ற சிரிப்புக்காரன் இப்போது முன்னால் வந்து நிற்கிறான். மக்கள் இன்னமும் சிரித்தனர். ஆனால் அவனோடு சேர்ந்து சிரித்தனர். சிறு வியாபாரியின் தந்திரமும் அச்சமும் மானமும் ஒரே உடலில் கலந்து நின்றமையே அப்பாத்திரத்தின் வெற்றி எனலாம்.

அடுத்த படி ‘தெஸ நிஸா’ (1972). லெஸ்டர் ஜேம்ஸ் பீரிஸ் நெறிப்படுத்திய இப்படத்தில், அழகற்றவன் என ஊர் ஒதுக்கிய ஒருவன் கண்பார்வையற்ற பெண்ணை மணக்கிறான். அவளுக்குப் பார்வை கிடைத்துவிட்டால் தன் முகத்தைக் கண்டுவிடுவாளே என்னும் அச்சம் அவனை அலைக்கழிக்கிறது. எந்த முகத்தை வர்த்தகத் திரை சிரிப்புக்கு விற்றதோ, அந்த முகத்தின் துயரமே இங்குக் கதையாயிற்று. 1970 இல் கவிஞர் மகாகம சேகர உருவாக்கிய ‘துன்மங் ஹந்திய’விலும் அபேவிக்கிரம நடித்திருந்தார். இவ்விரு படங்களுக்குப் பின் அவரை நகைச்சுவை நடிகர் என்ற சிமிழுக்குள் அடைப்பது எவருக்கும் இயலாததாயிற்று.

இவ்விடத்தில் பிரான்சிய நடிகர் ழான் கபேனோடு (1904–1976) ஓர் ஒப்பீடு பயன்தரும். அவரும் பாரிஸ் நகரத்து இசை மேடையிலிருந்து திரைக்கு வந்தவர். அவரும் வழக்கமான அழகனல்லர். 1936 இல் மக்கள் முன்னணி ஆட்சிக்கு வந்த காலத்தில் பிரான்சியத் தொழிலாளி வர்க்கம் தன் முகத்தை அவரிடம் கண்டது. ழான் ரெனுவாரின் ‘மனித மிருகம்’ (1938) என்ற படத்தில் புகையிரத இயந்திர ஓட்டி, மார்செல் கார்னேயின் ‘பொழுது புலர்கிறது’ (1939) என்ற படத்தில் ஆலைத் தொழிலாளி என அவர் ஏற்ற வேடங்கள், தோல்வியை நோக்கிச் சென்றுகொண்டிருந்த ஒரு வர்க்க எழுச்சியின் நிழலைத் தாங்கியவை. ஆனால் போருக்குப் பின் கபேனின் பாத்திரங்கள் மாறின. செல்வக் குடும்பத்துத் தலைவர், பொலிஸ் அதிகாரி என அவர் மேல்நோக்கி நகர்ந்தார். பிரான்சிய முதலாளித்துவம் தன்னை நிலைநிறுத்திக்கொண்ட கதையை அம்மாற்றத்தில் நாம் வாசிக்கலாம். அபேவிக்கிரமவின் பயணம் வேறானது. புகழ் வளர வளர அவருடைய பாத்திரங்கள் கீழ்நோக்கி, நிலத்தை நோக்கியே சென்றன. மூன்றாம் உலகின் விவசாயிக்குத் தன் நிலையிலிருந்து உயர்ந்துசெல்லும் வழி திறக்கப்படாமையே இதன் சமூக விளக்கமாகும்.

எழுபதுகளின் பாத்திரங்கள்

1971 ஏப்ரலில் வேலையற்ற கிராமத்து இளைஞரின் ஆயுதக் கிளர்ச்சி நிகழ்ந்தது. அது கடுமையாகப் பற்றியெரிந்த பகுதிகளுள் கேகாலை மாவட்டமும் ஒன்று. 1972 இல் அரச திரைப்படக் கூட்டுத்தாபனம் அமைக்கப்பட்டது. இவ்விரண்டும் சிங்களத் திரையின் பொருளை மாற்றின. கிராமம் அமைதியின் உறைவிடம் என்ற கற்பனை உடைந்து, அதன் உள்முரண்பாடுகள் திரைக்கு வந்தன. இம்மாற்றத்தின் முகமாக அமைந்தவர்களுள் அபேவிக்கிரம முக்கியமானவர்.

டி. பி. நிஹால்சிங்கவின் ‘வெலிகதர’ (1971) இலங்கையின் முதல் சினிமாஸ்கோப் படம். யாழ்ப்பாணக் குடாநாட்டின் கரையோர மணல்வெளியே அதன் களம். காமினி பொன்சேகா பொலிஸ் அதிகாரியாகவும், அபேவிக்கிரம கோரிங் முதலாளி என்னும் கடத்தல் வணிகனாகவும் நடித்தனர். அரச அதிகாரமும் கள்ளப்பணமும் ஒன்றையொன்று பிடித்திருக்கும் உறவு இங்குக் காட்டப்பட்டது. வெளியே பணிவும் உள்ளே கணக்கும் கொண்ட புதுப்பணக்காரனை அபேவிக்கிரம உரத்த குரலின்றி, இடைநிறுத்தங்களாலும் பார்வையாலும் உருவாக்கினார். வில்லன் என்ற பழைய மேடைச் சொல் இப்பாத்திரத்துக்குப் பொருந்தாது. தான் வாழும் பொருளாதாரத்தின் விதிகளை நன்கறிந்த மனிதன் அவன்.

தர்மசேன பத்திராஜவின் ‘பம்பரு அவித்’ (1978) கற்பிட்டிக் கரையோர மீனவரின் கதை. அந்தோன் ஐயா அங்கு மீன் வணிகத்தைத் தன் கைக்குள் வைத்திருப்பவர். நகரத்திலிருந்து புதிய மூலதனத்தோடு வருகிறான் விக்டர். பழைய தந்தைவழிச் சுரண்டலும் புதிய சந்தைச் சுரண்டலும் மோதுகையில் மடிபவர் மீனவர்களே. அபேவிக்கிரமவின் அந்தோன் ஐயா கொடியவனுமல்லன், நல்லவனுமல்லன். தனது காலம் முடிந்துவிட்டதை உணராமலேயே அதனைக் காக்கப் போராடும் ஒரு சமூக உறவின் உருவம் அவர். பத்திராஜ யாழ்ப்பாண வளாகத்தில் விரிவுரையாளராகப் பணியாற்றியவர். காவலூர் இராஜதுரையின் எழுத்தில் ‘பொன்மணி’ (1977) என்னும் தமிழ்ப் படத்தையும் தந்தவர். அவரைப் போன்ற நெறியாளரின் கைகளில்தான் அபேவிக்கிரமவின் கலை கூர்மை பெற்றது என்பது குறிப்பிடத்தக்கது.

லெஸ்டர் ஜேம்ஸ் பீரிஸின் ‘பெத்தேகம’ (1980), லெனாட் வூல்ப் 1913 இல் வெளியிட்ட நாவலை அடிப்படையாகக் கொண்டது. 1908 முதல் 1911 வரை அம்பாந்தோட்டையில் உதவி அரசாங்க அதிபராக இருந்த வூல்ப், குடியேற்ற ஆட்சி கிராமத்தின் கடைசி மனிதனை எவ்வாறு நசுக்கியது என்பதை உள்ளிருந்து கண்டவர். சேனைப் பயிரும் வேட்டையும் செய்து வாழும் சிலிந்து என்பவனாக அபேவிக்கிரம நடித்தார். சேனை வெட்டும் அனுமதியும் கடனும் ஊர்த்தலைவன் கையில். வட்டியும் விதைநெல்லும் வியாபாரி கையில். காட்டு விலங்குகளின் போக்கை அறிந்த சிலிந்துவுக்குக் காகிதத்தில் எழுதப்பட்ட சட்டத்தின் போக்குப் புரிவதில்லை. இறுதியில் துப்பாக்கியை எடுத்து இருவரையும் கொன்றுவிட்டு, தானே சென்று சரணடைகிறான். சிலிந்துவின் பேச்சு குறைவு. காடு தந்த நடை, ஓசையைக் கேட்டதும் திரும்பும் தலை, அதிகாரியின் முன் சுருங்கும் தோள் ஆகியவற்றாலேயே ஓர் உற்பத்தி முறையின் அழிவை அபேவிக்கிரம நடித்துக் காட்டினார்.

பத்திராஜவின் ‘சொல்தாது உன்னெஹே’ (1981) படத்தில் அவர் ஏற்றது இரண்டாம் உலகப் போரில் பிரித்தானியருக்காகப் போரிட்ட முதிய சிப்பாயின் வேடம். சுதந்திர தின விழாவை நோக்கிக் கொழும்பு அலங்கரிக்கப்படும் நாட்களில், வீடற்ற அச்சிப்பாயும் பாலியல் தொழில் செய்யும் பெண்ணொருத்தியும் அவர்களையொத்த இருவரும் தெருவோரத்தில் வாழ்கின்றனர். சுதந்திரம் எவருக்கு வந்தது என்ற வினாவைப் படம் சொற்பொழிவின்றி எழுப்புகிறது. 1977 இன் பின் திறந்துவிடப்பட்ட பொருளாதாரம் நகரத்தில் மினுக்கத்தைப் பரப்பிய காலத்தில் இவ்வினா எழுந்தமை தற்செயலன்று.

வன்னிஹாமி

அபேவிக்கிரமவின் எழுபதாம் வயதில் உருவானது பிரசன்ன விதானகேயின் ‘புரஹந்த களுவர’ (1997). உலர்வலயக் கிராமமொன்றில் வாழும் பார்வையற்ற முதியவர் வன்னிஹாமி. இராணுவத்திற் சேர்ந்த மகன் முத்திரையிடப்பட்ட சவப்பெட்டியில் வந்து சேர்கிறான். பெட்டியைத் திறக்கக் கூடாது என்பது உத்தரவு. ஊர் அழுகிறது, தகனத்துக்கும் புதைப்புக்குமுரிய சடங்குகள் நடக்கின்றன, இழப்பீட்டுப் பணத்துக்கான படிவம் வருகிறது. வீடு பாதியில் நிற்கிறது, மகளின் திருமணம் காத்திருக்கிறது, கடன்காரர் கேட்கின்றனர். வன்னிஹாமி மட்டும் படிவத்தில் ஒப்பமிட மறுக்கிறார். மகன் இறந்துவிட்டான் என்று தான் ஏற்காத வரையில் அதற்கு விலை பெறுவது எவ்வாறு? இறுதியில் அவரே மண்வெட்டியை எடுத்துப் புதைகுழியைத் தோண்டுகிறார். பெட்டியினுள் மகனின் உடல் இல்லை.

இந்நடிப்பில் கண்கள் இல்லை; நடிகனின் முதன்மைக் கருவி பறிக்கப்பட்டுள்ளது. எஞ்சியவை தடியும், நிலத்தைத் தடவும் பாதமும், காதும், மௌனமும். சிங்களத் திரையின் கோமாளியாகத் தொடங்கிய உடல், நாற்பது ஆண்டுகளின் பின் அரசுக்கு ‘இல்லை’ என்று சொல்லும் உடலாக நிற்கிறது. அந்த ‘இல்லை’ எவ்விதக் கொள்கை முழக்கமுமற்றது, ஆதலாலேயே வலியது. 1997 இல் பிரான்சின் அமியான் திரைப்பட விழாவில் இப்படம் முதற்பரிசு பெற்றது. 1999 இல் சிங்கப்பூர்ச் சர்வதேசத் திரைப்பட விழாவில் அபேவிக்கிரம சிறந்த நடிகராகத் தெரிவுசெய்யப்பட்டார். ஆனால் சொந்த நாட்டில் போர்க்காலத்துக்குப் பொருந்தாதெனக் கருதி 2000 இல் அரசு அதன் திரையிடலைத் தடுத்தது. நெறியாளர் உயர் நீதிமன்றத்தை நாடி 2001 இல் வெற்றி பெற்ற பின்பே மக்கள் அதனைக் காண முடிந்தது.

அரசு எதனைக் கண்டு அஞ்சியது? படத்தில் எதிரியைப் புகழும் வசனமில்லை, போர்க்களக் காட்சியுமில்லை. போர்முனைக்கு அனுப்பப்படுபவன் வறிய விவசாயியின் மகன் என்பதும், அவன் இராணுவத்தில் சேர்ந்தது பாதியில் நிற்கும் வீட்டைக் கட்டி முடிக்கவே என்பதும், அவனது மரணம் ஒரு படிவமாக மாற்றப்படுகின்றது என்பதுமே அதில் உள்ளன. போரைத் தேசத்தின் புனிதக் கடமையாகச் சித்திரித்த கருத்தியலுக்கு இவ்வெளிய உண்மைகளைவிட வேறு ஆபத்து வேண்டியதில்லை.

திரையில் இல்லாத அயலவன்

இதுவரை கூறியவற்றால் அபேவிக்கிரமவின் கலைவாழ்வு ஒரு வர்க்கத்தின் திரைவரலாறு என்பது புலப்படும். அவ்வரலாற்றில் உள்ள வெற்றிடத்தையும் நாம் சுட்டவேண்டும். மேலே எடுத்துக்காட்டிய படங்களின் நிலங்களை வரிசைப்படுத்திப் பார்ப்போம். கொழும்புச் சேரி, வடபுல மணல்வெளி, கற்பிட்டிக் கடற்கரை, அம்பாந்தோட்டைக் காடு, உலர்வலயக் கிராமம். இலங்கையின் பல திசைகளும் இதில் உள. அவர் பிறந்த சபரகமுவவின் தனித்தன்மையான காட்சி, அதாவது கிராமமும் லயமும் ஒரே சரிவில் ஒட்டி நிற்கும் காட்சி, இவற்றுள் எதற்கும் மையமாக அமையவில்லை.

இதனைத் தனிப்பட்ட கலைஞர் எவரதும் குறையாகக் கொள்ளல் தவறு. 1956 எழுச்சி உருவாக்கிய கலைக்கண், கிராமத்தை ஒருமொழி பேசும் தூய வெளியாகவே கண்டது. அதனைக் கடந்து சென்ற முற்போக்கு நெறியாளர்களும் கிராமத்தின் உள்முரண்பாடுகளை அம்பலப்படுத்தினரே தவிர, அதன் வேலியைப் பெரும்பாலும் கடந்திலர். தமிழ்ப் பக்கத்தின் நிலையும் இதனைவிடச் சிறந்ததன்று. ‘தோட்டக்காரி’ (1963), தெளிவத்தை ஜோசப்பின் எழுத்தில் வி. பி. கணேசன் தயாரித்து நடித்த ‘புதிய காற்று’ (1975) ஆகிய படங்கள் தோட்ட மக்களைத் திரைக்குக் கொணர முயன்றன. தமிழகப் படங்களின் பெருக்கின்முன் அம்முயற்சிகள் நிலைக்கவில்லை. தோட்டத்தவர் தம் ஓய்வுநேரத்தில் கண்டது தமிழகத்தின் அரண்மனைகளையும் கல்லூரிகளையுமே, தம் லயத்தையல்ல.

ஆயினும் தோட்டத்தில் நடிகர் இல்லாமலில்லை. மாசி மாதத்தில் நிகழும் காமன் கூத்தில் ரதியாகவும் மதனாகவும் வேடமிட்டு இரவிரவாக ஆடியோர், அருச்சுனன் தபசில் உயர்ந்த கம்பத்தில் ஏறி நின்றோர், பொன்னர் சங்கர் கதையைப் பாடி ஆடியோர் எனச் சபரகமுவவின் இறப்பர்த் தோட்டங்களிலும் பரம்பரை பரம்பரையாகக் கலைஞர் வாழ்ந்தனர். விடிந்ததும் அவர்கள் அரிதாரத்தைக் கழுவிவிட்டுப் பால் வெட்டச் சென்றனர். அபேவிக்கிரமவைப் போன்ற கிராமத்து இளைஞனுக்கு மேடையிலிருந்து படப்பிடிப்பு நிலையத்துக்குச் செல்ல ஒரு வழி இருந்தது. குறுகிய வழியெனினும் தாய்மொழியில் பள்ளியும், பேருந்து செல்லும் வீதியும், தலைநகரில் தன் மொழி பேசும் கலையுலகும் அவனுக்கு வாய்த்தன. தோட்டத்துக் கலைஞனுக்கு இவற்றுள் ஒன்றும் வாய்க்கவில்லை. இலவசக் கல்வி 1945 இல் வந்தது. தோட்டப் பள்ளிகள் அரச அமைப்புக்குள் உள்வாங்கப்பட்டதோ 1970களின் பிற்பகுதியிலிருந்து படிப்படியாகவே. இடையில் அவன் இந்நாட்டின் குடிமகனாகவே கருதப்படவில்லை. ‘நீண்ட கலைவாழ்வு’ என்பது திறமையால் மட்டும் அமைவதன்று. அதற்குக் குடியுரிமையும் வேண்டும்.

வன்னிஹாமியின் படிவத்தை நினைவிற் கொண்டால் இவ்வெற்றிடத்தின் பொருள் மேலும் தெளிவாகும். அரசு நீட்டும் காகிதத்தில் மனித வாழ்வு முடிவு செய்யப்படும் கொடுமையைத் தோட்டத் தொழிலாளியைவிட நன்கறிந்தவர் இலர். 1948 இன் பின் குடியுரிமை விண்ணப்பம். 1964 இன் சிறிமா–சாஸ்திரி ஒப்பந்தத்தின் கீழ் 5,25,000 பேர் இந்தியாவுக்கு, 3,00,000 பேர் இலங்கைக்கு எனப் பிரிக்கப்பட்ட எண்ணிக்கை. ஒரே லயத்தில் அண்ணனுக்கு ஒரு நாடும் தம்பிக்கு வேறொரு நாடும் காகிதத்தில் எழுதப்பட்டன. 1975 இல் கம்பனித் தோட்டங்கள் அரசுடைமையாயின. தொழிலாளி அவற்றின் உரிமையாளனாகவில்லை. 1977 இலும், 1981 ஆகஸ்டில் இரத்தினபுரி மாவட்டத்துத் தோட்டங்களிலும், மீண்டும் 1983 இலும் வன்செயல்கள் நிகழ்ந்தன. லயங்கள் எரிந்தன. உயிர் தப்பிய குடும்பங்கள் பல வவுனியாவையும் கிளிநொச்சியையும் நோக்கி நடந்தன.

ஆகவே, பின்னர் கால் நூற்றாண்டுக்கு மேலாக நீடித்த போரில் சபரகமுவவின் பிள்ளைகள் இரு பக்கத்திலும் அகப்பட்டனர். கிராமத்தின் மகன் வேலையின்மையால் சீருடை அணிந்து வன்னிக்குச் சென்றான். தோட்டத்தின் மகன் தீயினால் துரத்தப்பட்டு வன்னியில் குடியேறியிருந்தான். 1946 இல் உந்துகொடையில் நிலத்தின் பெயரால் எதிரெதிரே நிறுத்தப்பட்டவர்களின் பேரப்பிள்ளைகள், 2009 வரை ஆயுதங்களின் எதிரெதிரே நிறுத்தப்பட்டனர். ‘புரஹந்த களுவர’ இக்கதையின் ஒரு பாதியை நேர்மையோடு சொன்னது. மறுபாதியின் தந்தைக்கு முத்திரையிட்ட பெட்டி கூட வரவில்லை.

முடிவாக

ஜோ அபேவிக்கிரம 2011 செப்டெம்பர் 21 ஆம் திகதி தமது 84 ஆம் வயதிற் காலமானார். திரையிலும் தொலைக்காட்சியிலும் அவர் ஏற்ற வேடங்கள் எண்ணிக்கையால் பெரியன. எனினும் அவரது சாதனை எண்ணிக்கையில் இல்லை. நகைப்புக்குரியவனாக மட்டுமே திரையில் அனுமதிக்கப்பட்ட நாட்டுப்புற மனிதனை, சிந்திப்பவனாக, துயருறுபவனாக, கணக்குப் பார்ப்பவனாக, இறுதியில் மறுப்பவனாக அவர் வளர்த்தெடுத்தார். சிங்கள மக்களின் பண்பாட்டு வரலாற்றில் ஜனநாயகப் பெறுமதி மிக்க பணி இதுவாகும். தமிழ் முற்போக்காளரும் இதனை உரிமையோடு போற்றவேண்டும்.

போற்றுதலோடு நம் கடமை முடிவதில்லை. சபரகமுவவின் தோட்டங்களில் காமன் கூத்தாடிய முதியவர்களின் வாழ்க்கை வரலாறுகள் இன்னும் தொகுக்கப்படவில்லை. அவர்களுட் பலர் ஒவ்வோர் ஆண்டும் மறைந்துவருகின்றனர். லெல்லோபிட்டியவிலிருந்து புறப்பட்ட நடிகரின் வரலாற்றையும், அயலிலுள்ள இறப்பர்த் தோட்டத்தைவிட்டு வெளியேற வழியில்லாதிருந்த கூத்தாடியின் வரலாற்றையும் அருகருகே வைத்து எழுதும் நாளிலேயே சபரகமுவவின் கலை வரலாறு முழுமை பெறும். அப்பணியைச் சிங்கள, தமிழ் ஆய்வாளர் இணைந்தே செய்ய முடியும். அதற்கான முதற்படி, வேலியின் இருபுறத்திலும் வாழ்ந்தவர்களை ஒரே மூலதனம் நிலமற்றோராக்கியது என்பதை இருவரும் ஒருங்கே ஏற்றுக்கொள்வதாகும்.